ஆர்த்துரோ அரியாஸ் படிச்சிருக்கீங்களா?

ரெண்டு வாரமா மனசுல இந்த மனுஷன்தான் ஓடிட்டு இருக்கார். குவாத்தமாலாக்காரர், 1950ல பொறந்தவர், நாவலும் எழுதுவார், அமெரிக்க யுனிவர்சிட்டிகள்ல இலக்கியமும் சொல்லிக் குடுத்தார், 2008ல அவங்க நாட்டு தேசிய இலக்கியப் பரிசு கெடச்சுது.

1979ல வந்த 'குண்டுகளுக்குப் பிறகு' நாவல், 1954ல அமெரிக்க உளவு அமைப்பு சிஐஏ அந்த நாட்டு அதிபர் ஆர்பென்ஸ் ஆட்சியக் கவுத்தப்ப விழுந்த குண்டுலதான் ஆரம்பிக்குது, அப்பா காணாமப் போன ஒரு பையன் வளந்து அவரத் தேடுறான், ஊர்ல ஒருத்தரும் நடந்தத வாயத் தொறந்து சொல்ல மாட்டாங்க. அந்த மௌனத்த படிக்கும்போது நெஞ்ச அடைக்குது.

ஆனா எனக்கு அவரோட ஆய்வு வேலைதான் இன்னும் பெருசாத் தெரியுது. குவாத்தமாலாவோட மாயா பழங்குடி உரிமைப் போராளி ரிகொபெர்தா மெஞ்சு தன் வாழ்க்கையப் பத்திச் சொன்ன கதை உண்மையான்னு பெரிய சண்டை வந்தப்ப ரெண்டு பக்கத்தையும் சேத்து 2001ல ஒரு தொகுப்பே போட்டார். அப்புறம் மாயா எழுத்தாளர்களப் பத்தி தொகுதி தொகுதியா எழுதினார், அதுல லூயிஸ் தெ லியோன்னு ஒருத்தர், கக்சிகெல்ங்கற மாயா இனத்து வாத்தியார், 1984 மே மாசம் தலைநகர்ல பட்டப்பகல்ல தூக்கிட்டுப் போயிட்டாங்க. பல வருஷம் என்னாச்சுன்னே தெரியல. 1999ல ராணுவத்தோட ரகசிய நோட்டு ஒண்ணு வெளிய வந்துச்சு, 183 பேர் லிஸ்ட், அதுல இவர் பேரும் இருந்துச்சு, கூடவே '300'. கொன்னாச்சுங்கறதுக்கு அவங்க வச்ச கோட் அது.

தெ லியோன் எழுதி வச்ச நாவல் 1985லதான் புத்தகமா வந்துச்சு.