உங்களுக்கு எப்படி வேணும் சார்?

இது கேமராமேனான நான் டைரக்டர்களிடம் கேட்கும் கேள்வி. அன்றைக்கு அந்தப் புது டைரக்டர் என்னிடம் கேட்டார். மகனுக்குக் கொள்ளி வைத்துவிட்டு எல்லோரும் போன பிறகு, ராத்திரி சமையலறையில் அம்மா தனியாக உட்கார்ந்திருக்கும் காட்சி. வசனம் கிடையாது, ஒரே ஷாட்.

"உங்களுக்கு எப்படி வேணுமோ அப்படிப் பண்ணிடலாம்" என்றேன்.

"எனக்குத் தெரிஞ்சிருந்தா உங்களை எதுக்கு சார் கேக்கறேன்?"

கோபத்தில் சொல்லவில்லை. நிஜமாகவே தெரியாமல்தான் கேட்டார். நான் சிரித்து மழுப்பிவிட்டு லைட் மீட்டரை எடுத்தேன். ஜன்னல் பக்கமிருந்து ஒரு லைட், எதிர்ப்பக்கம் நிழல் குறைய தெர்மாகோலில் அடித்து ஃபில். முகத்தின் இருட்டுப் பக்கம் ஒன்றரை ஸ்டாப்தான் குறைவு, அதாவது லேசான இருட்டுதான். கண்ணீர் தெரிந்தது, சுவரில் தொங்கிய கரண்டிகூடத் தெரிந்தது. தயாரிப்பாளருக்குத் திருப்தி. "இருட்டு போதலைன்னா டிஐயில இறக்கிக்கலாம்" என்று வேறு சொல்லிவைத்தேன். டிஐ என்றால், எடுத்த படத்தின் நிறத்தையும் வெளிச்சத்தையும் பிறகு கம்ப்யூட்டரில் சரிசெய்வது.

என் தரப்பையும் சொல்லிவிடுகிறேன். 400 அடி ஃபிலிம் போட்ட மேகஸின் நாலரை நிமிஷத்தில் ஓடித் தீர்ந்துவிடும் காலத்தில் தொழில் கற்றவன் நான். எடுத்தது என்ன ஆனது என்று லேபிலிருந்து வந்தால்தான் தெரியும். அந்தப் பயத்தில் வளர்ந்தவனுக்குப் பத்திரமாக எடுப்பது ரத்தத்திலேயே இருக்கும். அப்புறம் பேய்ப்படம், காமெடி, சண்டை, கிராமத்துக் கதை, நகை விளம்பரம் எல்லாம் செய்தாகிவிட்டது. "எதைக் கொடுத்தாலும் பண்ணுவார்" என்ற பெயர்தான் எனக்கு இத்தனை வருடம் சோறு போட்டது. கதை கேட்பதைக் கொடுப்பவன்தானே கேமராமேன்? தனக்கென்று ஒரு பாணி வைத்துக்கொண்டு எல்லாக் கதையிலும் அதையே பூசுகிறவர்களைப் பார்த்தால் எனக்கு இன்றைக்கும் எரிச்சல்தான்.

இதற்கு சாட்சியாக, சத்யஜித் ராயின் கேமராமேன் சுப்ரதா மித்ராவை அசிஸ்டென்ட்களிடம் அடிக்கடி இழுப்பேன். 1956-ல் வந்த ராயின் 'அபராஜிதோ' படத்துக்கு, மழைக்குப் பயந்து காசி வீட்டு முற்றத்தை ஸ்டூடியோவுக்குள் செட் போட்டார்கள். உள்ளே வானத்துக்கு எங்கே போவது? அவர் மேலே வெள்ளைத் துணியை இழுத்துக் கட்டி, விளக்கை அதன்மேல் அடித்து, நிழல் விழாத ஆகாய வெளிச்சத்தைக் கொண்டுவந்தார். பாணிக்காகச் செய்ததில்லை, தேவைக்காகச் செய்தது. பார்த்தீர்களா என்பேன்.

கதையை அந்த இடத்தோடு நிறுத்திவிடுவேன். அதற்கு முன்னால் நடந்ததைச் சொல்ல மாட்டேன். செட்டை உள்ளே போடுகிறோம் என்றபோது மித்ரா ராயிடமும் ஆர்ட் டைரக்டரிடமும், அந்த வெளிச்சம் உள்ளே வரவே வராது என்று வாதாடியிருக்கிறார். நான் இத்தனை படங்களில் யாரிடமும் ஒரு தடவைகூட முடியாது என்றதில்லை. அதைப் பெருமையாகவும் சொல்லிக்கொண்டு திரிந்திருக்கிறேன்.

டிஐயில் அந்த ஷாட்டை இறக்கிப் பார்த்தோம். படம் இருண்டது, அவ்வளவுதான். லைட் எந்தப் பக்கமிருந்து வந்ததோ அந்தப் பக்கத்திலேயே நின்றது. முகத்தை மட்டும் தனியாகப் பிரித்து இறக்கினால் அம்மா முகத்தில் கரி பூசின மாதிரி இருந்தது. டைரக்டர் கொஞ்ச நேரம் திரையையே பார்த்துவிட்டு, "பரவாயில்ல சார், முதல்ல இருந்த மாதிரியே விட்டுடுங்க" என்றார். அவருடைய அடுத்த படத்துக்கு என்னைக் கூப்பிடவில்லை. அதற்கு வேறு காரணம் இருக்கலாம், கால்ஷீட் ஒத்துவராமல்கூட இருந்திருக்கலாம். அவரும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை.

அன்றைக்கு என்ன சொல்லியிருப்பேன்? அடுப்பில் அணையாமல் கிடக்கும் தணல் மட்டும் போதும், முகமே வேண்டாம் என்றிருப்பேனோ? இப்போது தோன்றுவது இது. அன்றைக்குத் தோன்றியதா என்று எனக்கே நிச்சயமில்லை. தோன்றியிருந்தும் விழுங்கினேன் என்றால் கோழைத்தனம். தோன்றவேயில்லை என்றால் அதைவிட மோசம்.

போன மாதம் வேறொரு செட்டில் ஒரு சின்னப் பையன், அவனும் டைரக்டர்தான், "எப்படி சார் வைக்கலாம்?" என்று கேட்டான். இந்தத் தடவை விடக்கூடாது என்று, "இருட்டா இருக்கட்டும் தம்பி, முகம் தெரிய வேண்டாம்" என்றேன்.

அவன் தயங்கி, "சார், இது காமெடி சீன்" என்றான்.

சரி என்று நாலு பக்கமும் லைட்டைப் போட்டேன்.