14 மில்லிமீட்டரில் நகரும் காலம்

கல்லைச் செதுக்கிக் காலத்தை மாற்றும் இரகசிய சபை என்று கதை எழுத உட்கார்ந்தால், பலரும் நேராக மந்திரத்துக்குப் போய்விடுகிறார்கள். கல் ஒளிவிடும், காலம் நின்றுவிடும். அதெல்லாம் வேண்டியதே இல்லை. ஊருக்கு ஒரே நிழல் கடிகாரம் என்றால், அந்தக் கல்லில் கோடு போடுகிறவர் கையில்தான் ஊரின் நேரம். கோட்டை 14 மில்லிமீட்டர் தள்ளிப் போட்டால் ஊரே பத்தரை நிமிடம் முன்னால் போய்விடும். பெங்களூரு அல்சூரை வைத்து இப்படியொரு கதை எழுத நினைப்பவர்களுக்காக இந்தப் பதிவு. சபை மட்டும்தான் கற்பனை; மற்றதெல்லாம் நீங்களே அளந்து பார்க்கலாம்.

அல்சூர் ஏன்? 1809இல் இங்கே தண்டு, அதாவது ஆங்கிலேயரின் படை முகாம், வந்தது. 1864இல் ஜோலார்பேட்டை வழியாக ரயில் வந்தது. ரயிலோடு மெட்ராஸ் நேரமும் வந்தது. அந்த நேரத்தைக் கணித்தது நுங்கம்பாக்கம் வானாய்வுக்கூடம். அங்கே கருவியைத் தாங்கி நின்றது 1792ஆம் ஆண்டு பொறித்த கருங்கல் தூண். தமிழிலும் கல்வெட்டு உள்ள அந்தத் தூண் இன்றும் சென்னையில் இருக்கிறது. ஆக, உங்கள் கதையில் மோதுவது இரண்டு கற்கள். மெட்ராஸ் ஏறக்குறைய 80¼ பாகை கிழக்கில், அல்சூர் 77.6. இடைவெளி 2.6 பாகைக்குச் சற்று மேல்; பாகைக்கு 4 நிமிடம் வீதம் பத்தரை நிமிடம். இந்தப் பத்தரை நிமிடத்தைக் கல்லுக்குள் திருட்டுத்தனமாக நுழைப்பதுதான் சபையின் வேலை.

எந்த மாதிரிக் கல் என்பதில் பலர் சறுக்குவார்கள். தரையில் படுத்திருக்கும் பலகைக் கல் பெங்களூருக்கு ஆகாது. 13 பாகை அகலாங்கில் உச்சிவேளைக் கோடுகள் நெருக்கியடித்துக்கொண்டு நிற்கும்: பன்னிரண்டுக்கும் ஒன்றுக்கும் நடுவே வெறும் 3.4 பாகை. 30 செ.மீ. ஆர வட்டத்தில் அது 18 மி.மீ. தான். உளி ஒரு மில்லிமீட்டர் வழுக்கினால் மூன்று நிமிடத்துக்கு மேல் போச்சு. மாலை ஐந்துக்கும் ஆறுக்கும் நடுவிலோ 50 பாகை காலியாகக் கிடக்கும்.

அதனால் கல்லை நிறுத்தி வையுங்கள். நடுவில் குத்திய கம்பி வடக்கே பார்த்து 13 பாகை மேலே சாய, பலகை அந்தக் கம்பிக்குச் சரியான செங்குத்தில் இருக்க வேண்டும். அதாவது பலகையின் தலை தெற்கே 13 பாகை சாயும். இப்போது மணிக்கு 15 பாகை, நாழிகைக்கு (24 நிமிடம்) 6 பாகை, எங்கேயும் ஒரே அளவு. 30 செ.மீ. ஆரத்தில் ஒரு நாழிகைக்கு 31 மி.மீ. கிடைக்கும், ஒரு மில்லிமீட்டர் பிசகு 46 விநாடி, இரண்டு விநாழிகைக்கு (48 விநாடி) சற்றுக் குறைவு.

பலகை 120 செ.மீ. உயரம், 75 அகலம், 10 கனம் என்று வைத்தால் எடை சுமார் 240 கிலோ. அடியில் 40 செ.மீ. மண்ணுக்குள் போகட்டும். இரவோடிரவாக ஒருவன் தூக்கிப் போகிற காட்சியை மட்டும் எழுதிவிடாதீர்கள்.

கல் தேர்வில் அவசரம் கூடாது. சுத்தியலால் பல இடத்தில் தட்டினால் எங்கும் மணிபோல ஒரே ஓசை வர வேண்டும். ஓரிடத்தில் மட்டும் சத்தம் மந்தமாக அடங்கினால் உள்ளே வெடிப்போ தேரையோ (கல்லுக்குள் இருக்கும் பொள்ளல்) இருக்கிறது. பிறகு தண்ணீர் ஊற்றிக் காயவிடுங்கள். முகம் முழுக்கக் காய்ந்த பிறகும் மயிரிழை போல ஒரு ஈரக்கோடு நின்றால், அந்தக் கல்லை விட்டுவிட வேண்டியதுதான்.

வட்டத்தை 60 நாழிகையாகப் பிரிப்பது சபையின் உண்மையான வித்தையாக இருக்கலாம். கவராயத்தில் 6 பாகையை எடுத்து ஒவ்வொன்றாக எட்டு வைத்துப் போனால் கெட்டது. ஒவ்வொரு எட்டிலும் அரை மி.மீ. பிசகினாலும் பதினைந்தாவது கோட்டில் ஏழரை மி.மீ., கிட்டத்தட்ட ஆறு நிமிடம். பெரிய கட்டத்திலிருந்து சின்னதுக்கு வர வேண்டும். ஆரத்தின் நீளத்தையே வட்டத்தில் வைத்தால் 60 பாகை, பத்து நாழிகை. ஐங்கோணம் வரைந்தால் ஒரு பக்கம் 72 பாகை, பன்னிரண்டு நாழிகை. இரண்டையும் ஒரே புள்ளியில் தொடங்கினால் மிச்சம் 12 பாகை. அதைப் பாதியாக வெட்டினால் ஒரு நாழிகை. நூலும் கவராயமும் போதும். ஆசான் சீடனுக்குச் சொல்லிக் கொடுக்கும் காட்சியை எழுதினால் இதை எழுதுங்கள், அவ்வளவு அழகு இது.

காவி நூலால் கோடு அடித்தபின் உளியை விளிம்பிலிருந்து உள்நோக்கி ஓட்ட வேண்டும். வெளிநோக்கி ஓட்டினால் கடைசி அடியில் விளிம்பு சில்லாகத் தெறிக்கும். கோட்டின் ஆழம் 3 மி.மீ. போதும். கருங்கல்லில் தப்பை ஒட்டுப் போட்டு மறைக்க முடியாது. முகம் முழுவதையும் பொளிந்து இறக்கிவிட்டுத் திரும்பக் கோடு போடவேண்டும். கோட்டைத் திருத்த வரும் சபைக்கும் இதே கதிதான். புதிதாகப் பொளிந்த முகம், அப்போதுதான் கொத்திய அம்மி மாதிரி வெளுத்துக் காட்டிக்கொடுக்கும். எண்ணெயும் விளக்குக் கரியும் தேய்த்து மாதக்கணக்கில் காத்திருக்க வேண்டும்.

கம்பி இரும்பாக இருக்கக் கூடாது. துருவுக்கு இரும்பைவிட அதிக இடம் வேண்டும். துளைக்குள் உப்பிக் கல்லையே பிளந்துவிடும். 8 மி.மீ. பித்தளைக் கம்பி, துளையில் ஈயம் காய்ச்சி ஊற்றி நிறுத்தியது, நல்லது. இரண்டு பக்கமும் 13 செ.மீ.க்குக் குறையாமல் நீட்டிக்கொண்டிருக்க வேண்டும். குறைந்தால் ஜூன் கடைசியிலும் டிசம்பர் கடைசியிலும் நிழல் வட்டத்தைத் தொடாது. நிழலின் நடுவைப் படிக்க வேண்டும். ஓரத்தைப் படித்தால் அங்கேயே மூன்று நிமிடம் பிசகும்.

இந்தக் கல்லுக்கு இரண்டு முகம் உண்டு. மார்ச் 21 வாக்கில் வெயில் வடமுகத்துக்கு வரும், செப்டம்பர் 23 வாக்கில் தென்முகத்துக்கு மாறும். மாறும் நாளிலும் முன்பின் ஓரிரு நாளிலும் வெயில் இரண்டு முகத்திலும் விழாமல் விளிம்பை உரசிப்போகும், கல் குருடு. சபை கூடுவதற்கு இதைவிடப் பொருத்தமான நாள் கிடையாது. ஊரில் யாரிடமும் நேரம் இல்லாத நாள்.

இன்னொரு நாளும் சொல்கிறேன். மகர சங்கராந்தி மாலையில் கவிபுரம் கங்காதரேசுவரர் குகைக்கோயிலில் நந்தியின் கொம்புகளுக்கு நடுவே வெயில் புகுந்து லிங்கத்தில் விழுவதைப் பார்க்கக் கூட்டம் முட்டும். ஆனால் டிசம்பர் 21க்கு இந்தப் பக்கம் எத்தனை நாளோ, அந்தப் பக்கமும் அத்தனை நாள் தள்ளிச் சூரியன் அதே இடத்தில் அஸ்தமிக்கும். அது நவம்பர் கடைசி வாரம். கூட்டத்துக்கு ஒரு நாள், சபைக்கு மற்றது.

இனி திருட்டுக்கு வருவோம். கல் மெட்ராஸ் நேரம் காட்ட வேண்டுமானால் கோடுகளை எல்லாம் மேற்கே 14 மி.மீ. நகர்த்த வேண்டும். வடமுகத்தில் நிழல் வலஞ்சுழியாகப் போகும், தென்முகத்தில் இடஞ்சுழி. மேற்கு என்பது வடமுகத்தைப் பார்த்து நிற்பவருக்கு வலக்கை, தென்முகத்தைப் பார்த்து நிற்பவருக்கு இடக்கை. புதுச் சீடன் ஒருவன் இரண்டு முகத்திலும் வலப்பக்கமே தள்ளிவிட்டான் என்று வையுங்கள். ஆறு மாதம் யாருக்கும் தெரியாது. செப்டம்பர் 23 கழிந்து வெயில் தென்முகத்தில் விழுந்ததும், ஊரின் நேரம் ஒரே நாளில் 21 நிமிடம் பின்வாங்கும்.

சீடன் சரியாகவே செதுக்கியிருந்தாலும் சபை தப்ப முடியாது. சூரியன் கடிகாரம்போல ஒரே சீராக ஓடுவதில்லை. பிப்ரவரி நடுவில் 14 நிமிடம் பிந்தும், நவம்பர் தொடக்கத்தில் 16 நிமிடம் முந்தும். அக்டோபர் முதல் வாரத்திலும் டிசம்பர் முதல் வாரத்திலும் அந்த முந்தல் ஏறக்குறைய அதே பத்தரை நிமிடம். அந்த நாட்களில் யாரும் தொடாத பழைய கல் ஒன்று அல்சூரில் எங்காவது மிஞ்சியிருந்தால், அது மெட்ராஸ் நேரம் காட்டும் ரயில் நிலையக் கடிகாரத்தோடு அப்படியே ஒத்துப்போகும். திருத்திய கல் பத்தரை நிமிடம் முந்தி நிற்கும்.