பொன்னெழுத்தில் ஒரு ஃபுல்சம்

யாழ்ப்பாணத்தில் ஆசிரியர் ஒருவர் அறுபது வயதை எட்டி ஓய்வுபெற்றால், அவர் விரும்பினாலும் விரும்பாவிட்டாலும் அவருக்கு ஒரு சேவை நயப்பு விழா நடந்தே தீரும். நாதஸ்வரமும் தவிலும் முன்னே செல்ல அவரை வீதியிலிருந்து மண்டபத்துக்கு அழைத்து வருவார்கள். மாலை விழும், பொன்னாடை விழும், மலர் வெளியிடப்படும். பிறகு, சந்தம் தவறினாலும் உணர்ச்சி தவறாத வாழ்த்துப்பாக்கள் கண்ணாடிச் சட்டத்துக்குள் இருந்தபடி ஒவ்வொன்றாக வாசிக்கப்படும். அண்மையில் எங்கள் பாடசாலையின் பிரதி அதிபராக இருந்து ஓய்வுபெற்ற கணித ரீச்சருக்கும் இப்படி ஒரு விழா எடுக்கப்பட்டது. மலர்க்குழுவில் இருந்த எனக்கு, அச்சகத்துக்கும் வீட்டுக்கும் இடையே நடந்து புரூஃப் பார்க்கும் பொறுப்பு வந்து சேர்ந்தது.

தமிழ் வாழ்த்துப்பாக்களால் எந்தத் தொல்லையும் வரவில்லை. தொல்லை இலண்டனிலிருந்து வைபரில் வந்தது. அங்குள்ள பழைய மாணவர்கள் தங்கள் சார்பில் ஆங்கிலத்தில் ஒரு பாராட்டு மடல் எழுதி, அதைப் பொன்னெழுத்தில் அச்சிட்டுச் சட்டமிட்டு மேடையில் கையளிக்கவேண்டும் என்று கேட்டிருந்தார்கள். மண்டபச் செலவையும் மதியச் சாப்பாட்டுச் செலவையும் அவர்களே ஏற்றிருந்தபடியால், அந்த மடலில் ஒரு காற்புள்ளியைக்கூட நகர்த்தக்கூடாது என்பதில் விழாக்குழுச் செயலாளர் உறுதியாக இருந்தார். மடலின் கடைசி வரி, ரீச்சருடைய பாதங்களில் தங்கள் ‘ஃபுல்சம் பிரெய்ஸ்’ முழுவதையும் சமர்ப்பிப்பதாக முடிந்தது.

ஆங்கில மடல் என்பதால், ஒருமுறை பார்த்துத் தரும்படி ஓய்வுபெற்ற ஆங்கில மாஸ்ரர் ஒருவரை அச்சகத்துக்கு அழைத்திருந்தேன். உயர்தர வகுப்புக்கு நீண்டகாலம் ஷேக்ஸ்பியர் படிப்பித்தவர் அவர். எங்கள் ஊர்களில் இப்படி ஓர் ஆங்கிலக் காவலர் இல்லாத கிராமத்தைக் காண்பது அரிது. 1816இல் அமெரிக்க மிஷனரிமார் வந்திறங்கி, 1823இல் வட்டுக்கோட்டையில் செமினறியைத் தொடங்கி, அதில் படித்துப் போன சி.வை. தாமோதரம்பிள்ளையும் கரோல் விசுவநாதபிள்ளையும் சென்னைப் பல்கலைக்கழகத்தின் முதற் பட்டதாரிகளான நாளிலிருந்து, ஆங்கிலத்தை ஆங்கிலேயரிடமிருந்து பாதுகாப்பது நமது கடமை என்று இங்கே சிலர் நம்பி வந்திருக்கிறார்கள். மாஸ்ரரும் அந்த வழியில் வந்தவர்தான்.

கணினித் திரைக்கு முன்னால் இருந்து மேலிருந்து கீழாக வாசித்துக்கொண்டு வந்தவர், கடைசி வரியில் நின்றுவிட்டார். மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு மீண்டும் வாசித்தார். பிறகு, பக்கவடிவமைப்புச் செய்துகொண்டிருந்த தம்பி திடுக்கிடும்படியாகக் கேட்டார்.

“இதை எழுதினவன் ஆரிட்டை இங்கிலீஷ் படிச்சவன்?”

செயலாளர் மிகுந்த பணிவோடு சொன்னார்: “உங்களிட்டைத்தான் சேர்.”

அதன் பிறகு அது சாதாரண எழுத்துத் திருத்தமாக இருக்கவில்லை. மாஸ்ரருக்கு அது மானப் பிரச்சினையாகிவிட்டது. ‘ஃபுல்சம்’ என்றால் நிறைவான, தாராளமான என்று எண்ணிக்கொண்டு அந்தப் பிள்ளை எழுதிவிட்டான் என்றும், ஆனால் புகழ்ச்சியோடு சேர்ந்து வரும்போது அது அளவுகடந்த, வாய்க்கு வந்தபடியான, கேட்பவருக்கு அருவருப்பூட்டும் முகத்துதியைக் குறிக்கும் என்றும், அப்படிப்பட்ட ஒன்றைப் பொன்னெழுத்தில் அடித்து ஒரு பெண்பிள்ளையின் காலடியில் வைப்பது மரியாதையல்ல என்றும் அவர் விளக்கினார். சான்றுக்கு ஷேக்ஸ்பியரும் வந்தார். ‘ட்வெல்ஃப்த் நைட்’ நாடகத்தின் ஐந்தாம் அங்கத்தில், பழைய காதல் பல்லவியையே மீண்டும் பாட வரும் ஒர்சினோ பிரபுவிடம் ஒலிவியா, அந்தப் பேச்சு இசைக்குப் பின்னால் எழும் ஊளையைப் போலத் தன் காதுக்குக் கொழுப்பேறியதாகவும் ஃபுல்சமாகவும் இருக்கிறது என்று முகத்துக்கு நேரே சொல்கிறாள். ‘மூன்றாம் ரிச்சர்ட்’ நாடகத்திலோ, மதுப் பீப்பாய்க்குள் அமுக்கப்பட்ட கிளாரன்ஸின் ஆவி, ஃபுல்சம் மதுவால் தன்னைக் கழுவிக் கழுவியே கொன்றார்கள் என்று புலம்புகிறது. மாஸ்ரர் இந்த இரண்டாவது வரியைக் குரல் நடுங்கச் சொல்லிக் காட்டியபோது, பக்கத்து மேசையில் கல்யாண அழைப்பிதழ் தெரிவுசெய்துகொண்டிருந்த தாயும் மகளும் எழுந்து நின்று பார்த்தார்கள்.

செயலாளர் அசையவில்லை. தமது தரப்புக்கு அவர் எங்கள் பாடசாலையின் இளம் ஆங்கில ரீச்சரைத் தொலைபேசியில் அழைத்தார். ரீச்சர் தம் கைத்தொலைபேசியில் மெரியம்-வெப்ஸ்டர் அகராதியைத் திறந்து பார்த்துவிட்டு, ஏராளமான என்ற பொருள்தான் அதில் முதலாவதாக இருக்கிறது என்று அறிவித்தார். செயலாளர் தொலைபேசியை ஒலிபெருக்கியில் போட்டு எல்லோருக்கும் கேட்கச் செய்தார்.

இந்த இடத்தில் நீதி இரு பக்கமும் கொஞ்சம் கொஞ்சம் இருந்தது என்பதைச் சொல்லத்தான் வேண்டும். அந்த அகராதி ஒரு சொல்லின் பொருள்களைப் பொதுவாக அவை வழக்குக்கு வந்த வரலாற்று வரிசையில் அடுக்குவது. ஆகவே முதலில் நிற்கும் பொருள் மூத்த பொருள் என்று சொல்லலாமேயன்றி, அதுவே மதிப்பில் முதலாவது என்று சொல்லிவிட முடியாது. மறுபுறத்தில், அந்த மூத்த பொருள் செயலாளர் கற்பனை செய்ததும் அல்ல. நிறைவைக் குறிக்கும் ‘ஃபுல்’ என்ற சொல்லோடு, ‘ஹோல்சம்’, ‘ட்ரபிள்சம்’ போன்றவற்றின் வாலில் இருக்கும் அதே ‘சம்’ ஒட்டி, 13ஆம் நூற்றாண்டளவில் இந்தச் சொல் பிறந்தபோது அதற்கு நிறைய, ஏராளமாக என்பதே பொருள். பிறகு அது கொழுத்த உடம்பைக் குறித்தது. கொழுப்பேறி ஓங்கரிக்க வைக்கும் உணவைக் குறித்தது. கெட்ட வாடையையும் குறித்தது. அழுக்கைக் குறிக்கும் ‘ஃபௌல்’ என்ற சொல்லின் ஒலியும் பக்கத்தில் நின்று அதைக் கெடுத்திருக்கலாம் என்பார்கள். 17ஆம் நூற்றாண்டில் அது புகழ்ச்சியோடு ஒட்டிக்கொண்டு, அளவுமீறிய முகத்துதி என்ற பொருளில் நிலைத்தது. பின்னர் 20ஆம் நூற்றாண்டில், உறங்கிக் கிடந்த ஏராளம் என்ற பழைய பொருள் எழுந்துவந்து மறுபடியும் நடமாடத் தொடங்கியது. இன்றைக்கு ஒரு பத்திரிகை ‘ஃபுல்சம் பிரெய்ஸ்’ என்று எழுதினால் எழுதியவர் பாராட்டுகிறாரா கிண்டல் செய்கிறாரா என்று வாசகருக்குத் தெரியாது என்பதால், ஆங்கில நடைக் கையேடுகள் பலவும், இரண்டு பொருளிலும் யாரும் தவறாகக் கொள்ளாத இடம் தவிர வேறெங்கும் இதைத் தொடவேண்டாம் என்று எச்சரிக்கின்றன.

அச்சக உரிமையாளர் இந்த விவாதம் முழுவதையும் பொறுமையோடு கேட்டுவிட்டு, “முடிவு என்ன? பொன் தாள் போட வேணும்” என்றார்.

இலண்டனுக்கே எழுதிக் கேட்பது என்று தீர்மானிக்கப்பட்டது. சொல்லின் இரண்டு பொருளையும், மாஸ்ரரின் ஆட்சேபத்தையும், செயலாளரின் மறுப்பையும், மாற்றுச் சொற்களாக மூன்று பரிந்துரைகளையும் சேர்த்து நான் நீண்டதொரு செய்தி அனுப்பினேன். விடியப் பார்த்தபோது, உயர்த்திய பெருவிரல் ஒன்று மட்டும் பதிலாக வந்திருந்தது. அது எந்தத் தரப்புக்கு உயர்ந்த விரல் என்பதை யாராலும் சொல்ல முடியவில்லை. மாஸ்ரர் அதைத் தம் பக்கச் சம்மதமாக எடுத்துக்கொண்டார். செயலாளர் தம் பக்கச் சம்மதமாக எடுத்துக்கொண்டு அச்சுக்குக் கொடுத்துவிட்டார்.

சமரசத்துக்காக, ஆங்கில மடலின் கீழே தமிழிலும் ஒரு வரி போடலாம் என்று எங்கள் தமிழ் ஆசிரியர் முன்வந்தார். அவர் ‘நிறைபுகழ்’ என்று எழுதிக்கொடுத்திருந்தால் கதை அத்தோடு முடிந்திருக்கும். ஆனால் அவருக்கு இரு பொருளும் ஒன்றாக வரவேண்டும் என்று ஆசை. தெவிட்டுதல் என்ற சொல்லுக்கு நிறைதல் என்ற பொருளும் உண்டு, போதும் போதும் என்று வெறுத்துத் தள்ளும் பொருளும் உண்டு, ஆகவே ஆங்கிலச் சொல் நடந்த அதே பாதையில் நமது சொல்லும் நடந்திருக்கிறது என்று அவர் ‘தெவிட்டு புகழ்’ என்று எழுதிக்கொண்டு வந்தார். உண்மையைச் சொன்னால், அத்தனை பேரிலும் அந்தச் சொல்லின் இயல்பைச் சரியாகப் பிடித்தவர் அவர்தான். பாயசத்தின் மூன்றாவது கிண்ணம் முன்னால் வரும்போது ஏற்படுகிற நிலை அந்த ஒரு வினைச்சொல்லுக்குள் முழுவதுமாக இருக்கிறது. செயலாளர் அந்தத் தாளை இரண்டாக மடித்துச் சட்டைப்பைக்குள் வைத்துக்கொண்டு, தமிழ் வரி தேவையில்லை என்றார்.

விழா நாளன்று மண்டபம் நிறைந்திருந்தது. றோல்ஸும் கேக்கும் நெல்லிக்கிறஷ்ஷும் பரிமாறப்பட்ட பிறகு வாழ்த்துரைகள் தொடங்கின. நிகழ்ச்சி நிரலில் பெயர் உள்ளவர்கள் பேசினார்கள். பெயர் இல்லாதவர்கள் ‘ஒரு நிமிடம்’ கேட்டுப் பேசினார்கள். பேசியவர்களில் ஒருவர் மறந்துபோன இரண்டு குறிப்புகளுக்காக மறுபடியும் வந்தார். ரீச்சர் தாயாக இருந்தார், தெய்வமாக இருந்தார், கலங்கரை விளக்கமாக இருந்தார். ஒருவர் அவரை ஒரு பல்கலைக்கழகம் என்றார். அடுத்தவர் அது போதாதென்று கண்டு, பல பல்கலைக்கழகங்கள் என்றார். பொன்னாடைகள் ஒன்றன்மேல் ஒன்றாக ஏறியதில் ரீச்சருடைய முகம் மட்டும் வெளியே தெரிந்தது. முன்வரிசையில் எனக்குப் பக்கத்தில் இருந்த மாஸ்ரர், ஒவ்வொரு உரை முடியும்போதும் என் பக்கமாகச் சாய்ந்து “கழுவிக் கழுவி” என்று மட்டும் முணுமுணுத்துக்கொண்டிருந்தார்.

ஆங்கில மடல் வாசிக்கப்பட்டபோது எவரும் அசையவில்லை. கடைசி வரிக்குக் கைதட்டல் பலமாகக் கிடைத்தது. செயலாளர் மேடையிலிருந்தே மாஸ்ரரைத் தேடி ஒரு பார்வை பார்த்தார்.

மதியத்துக்குப் பிறகுதான் ஏற்புரைக்கு இடம் கிடைத்தது. ரீச்சர் ஒலிவாங்கிக்கு முன்னால் வந்து, பொன்னாடைகளை ஒவ்வொன்றாக எடுத்து மடித்து மேசையில் வைத்துவிட்டு, கையில் இருந்த சிறு துண்டைப் பார்த்தார். அவர் கணித ரீச்சர் என்பதை நாங்கள் எல்லோரும் அந்த நேரத்தில் மறந்துபோயிருந்தோம். உரைகள் நடந்துகொண்டிருந்தபோது அவர் நிகழ்ச்சி நிரலின் பின்பக்கத்தில் கணக்குப் போட்டுக்கொண்டிருந்திருக்கிறார்.

பாடசாலை காலை ஏழரை மணிக்குத் தொடங்குகிறது என்பதை அவர் முதலில் நினைவூட்டினார். பிறகு, தான் தினமும் ஏழு மணிக்கே வாயிலில் நின்று பிள்ளைகளை வரவேற்றதாக ஒருவர் சொன்னார் என்றும், அதே ஏழு மணிக்குப் பாடசாலைப் பிள்ளையார் கோயிலில் விளக்கேற்றிக்கொண்டிருந்ததாக இன்னொருவர் சொன்னார் என்றும், முதல்நாள் வராத பிள்ளைகளைத் தேடி அந்த நேரத்தில் சைக்கிளில் வீடு வீடாகப் போய்க்கொண்டிருந்ததாக வேறொருவர் கண் கலங்கச் சொன்னார் என்றும் வாசித்தார். இந்த மூன்று கூற்றும் ஒரே வேளையில் உண்மையாக இருக்க முடியாது; ஆகக்கூடியது ஒன்றுதான் உண்மையாகலாம்; தன் நினைவின்படி அந்த நேரத்தில் தான் பெரும்பாலும் பேருந்துக்காகக் காத்து நின்றிருக்கவேண்டும் என்று அவர் அமைதியாக முடிவு சொன்னார். சைக்கிள் ஓட்டத் தெரியாது என்பதையும் பணிவோடு சேர்த்துக்கொண்டார்.

மண்டபம் சிரித்து அடங்க நேரம் எடுத்தது. சைக்கிள் கதை சொன்னவர் எல்லோரையும்விடச் சத்தமாகச் சிரித்தார், வேறு வழியில்லை. மாஸ்ரர் எழுந்து நின்று கைதட்டினார். பிறகு மேடைக்கு ஏறி, சட்டமிட்ட ஆங்கில மடலைக் கையில் வாங்கிக் கடைசி வரியைச் சுட்டி, இதுவரை தான் அதை எழுதியவனைக் குறை சொன்னது உண்மை, ஆனால் இன்று காலையிலிருந்து இந்த மண்டபத்தில் நடந்ததை விவரிப்பதற்கு ஆங்கிலத்தில் இதைவிடப் பொருத்தமான பெயரடை இல்லை, என் மாணவன் தீர்க்கதரிசி என்றார். இதை உயர்ந்த பாராட்டு என்று விளங்கிக்கொண்ட செயலாளர், மீதமிருந்த பொன்னாடைகளில் ஒன்றை எடுத்து மாஸ்ரருக்குப் போர்த்திவிட்டார்.

ஒரு சொல்லுக்குப் பின்னால் இவ்வளவு வரலாறு இருப்பதைக் கண்டுகொண்டதிலிருந்து செயலாளர் அகராதியும் கையுமாகத் திரிகிறார். அடுத்த விழா எங்கள் உடற்கல்வி ஆசிரியருக்கு. போன கிழமை என்னைத் தொலைபேசியில் அழைத்து, இந்த முறை ஆங்கில மடலைத் தாமே எழுதப்போவதாகவும், அதற்கு ‘இக்ரீஜியஸ்’ என்ற சொல்லைத் தெரிந்தெடுத்திருப்பதாகவும் சொன்னார். இலத்தீனில் மந்தையிலிருந்து விலகி நிற்பவர் என்பதே அதன் வேர் என்றும், 16ஆம் நூற்றாண்டில் அது மிகச் சிறந்த மனிதரைப் பாராட்டும் சொல்லாக இருந்தது என்றும் அவர் சொன்னவை அனைத்தும் சரி. காலப்போக்கில் அது கேலியாக வழங்கி வழங்கி, இப்போது படுமோசமான பிழைக்கும் வெளிப்படையான அநியாயத்துக்கும் மட்டுமே முன்னால் வருகிறது என்று நான் சொல்லிப் பார்த்தேன்.

“ஃபுல்சத்துக்குப் பழைய கருத்து செல்லும் எண்டால் இதுக்கு மட்டும் ஏன் செல்லாது?” என்று கேட்டார்.

அதற்கு உடனடியாக என்னிடம் பதில் இருக்கவில்லை. மாஸ்ரரிடம் கேட்டு வருகிறேன் என்று சொல்லி, அன்று பின்னேரமே அவருடைய வீட்டுக்குப் போனேன். மாஸ்ரர் பிளேன்ரீயைக் கையில் வைத்துக்கொண்டு முழுவதையும் கேட்டார்; யாருக்கான விழா என்பதை மட்டும் இரண்டாவது தடவை உறுதிப்படுத்திக்கொண்டார்.

“விடு தம்பி, போடட்டும். அந்த மனுசனுக்கு அது பொருந்தும். எந்தக் கருத்திலை எண்டு மட்டும் என்னட்டைக் கேளாதை” என்றார்.