கருங்கல்லில் 26 துளை: சர்ரே குதிரைப் பாதை, 1:24 மாதிரி

நேற்று ராத்திரி வண்டி ஓடிவிட்டது! பாதை ஒரு முழம்தான், ஆனால் 26 கல்லும் நானே துளைத்தவை.

இங்கிலாந்தில் வாண்ட்ஸ்வொர்த்துக்கும் குராய்டனுக்கும் நடுவே 1803-ல் திறந்த, குதிரை வண்டி இழுக்கும் இரும்புப் பாதை இது. அன்று கட்டணம் கட்டினால் யாரும் சொந்தக் குதிரை, வண்டியோடு வரலாம். சக்கரம் ஓடும் 'எல்' வடிவ இரும்புத் தகடு மூன்றடி நீளம், மாதிரியில் 38 மில்லி. வடசேரியில் அலுமினியக் கதவு செய்யும் கடையில் வாங்கிய 'எல்' ஆங்கிளை ராவி முடித்தேன், அதில் சிரமமில்லை.

பாடாய்ப் படுத்தியது கல். குறுக்குக்கட்டை போட்டால் நடுவில் நடக்கும் குதிரைக்குக் கால் இடறும், அதனால்தான் அன்று இருபக்கமும் தனித்தனிக் கல் பதித்தார்கள். மயிலாடியில் ஒரு சிற்பப் பட்டறையில் கருங்கல் சில்லு சும்மாவே தந்தார்கள். சுவர் துளைக்கும் பிட்டைப் போட்டதில் ஏழு கல் பிளந்தது. பிறகு 2 மில்லி டைமண்ட் பிட். அதுவும் வழுக்கிக்கொண்டு ஓடியது. அயினிப் பலகையில் ஒரு ஓட்டை போட்டு, அதைக் கல்மேல் இறுக்கி, சோப்பு டப்பாத் தண்ணீரில் கல்லை முக்கி வைத்துக்கொண்டு இறக்கினேன். அழுத்தவே கூடாது. தொட்டு எடுக்கணும், தொட்டு எடுக்கணும். ஒரு துளைக்கு ஆறு நிமிடம். அசலில் துளைக்குள் ஓக் முளை அடித்து, அதில் ஆணி இறக்குவார்கள். எனக்குத் தென்னை ஈர்க்கிலும் குண்டூசியும் கச்சிதமாகப் பொருந்தின.

அப்புறமும் வண்டி பாதியில் இறுகி நின்றது. அளந்தால் 53 மில்லி இருக்கவேண்டிய அகலம் 54! இந்தப் பாதையில் விளிம்பு சக்கரத்தில் இல்லை, தகட்டின் உள்ளோரத்தில். கல் வெளியே நகர்ந்தால் அந்த விளிம்பு சக்கரத்தை உள்ளிருந்து நெருக்கும். இருபக்கக் கல்லையும் பிணைக்க எதுவும் இல்லாததால் அசலிலும் இதே தொல்லைதான். 53 மில்லிக் கட்டை ஒன்றை நடுவில் வைத்து மறுபடி ஒட்டினேன்.

நம்ம குமரி மாவட்டத்துக்கு ரயில் வந்தது 1979-ல். அதற்கு 176 வருஷம் முந்தைய பாதை இப்போது என் மேசைமேல் கிடக்கிறது!

நடுவில் சரள் பரப்பும் வேலை பாக்கி. ஆனால் மனசு அடுத்ததுக்குப் போய்விட்டது: இங்கிலாந்தின் ஸ்டாக்டன் - டார்லிங்டன் ரயில் பாதையில் 1828-ல் வந்த டாண்டி வண்டி. இறக்கத்தில் குதிரையே பின்னால் ஏறி நின்று, தீனி தின்றபடி வரும். அதற்கு விளிம்புச் சக்கரம் வேண்டும். கோட்டாறில் லேத் பட்டறை வைத்திருக்கும் அண்ணனிடம் சொல்லியிருக்கிறேன், பித்தளையில் நாலு கடைந்து தருவதாகச் சொன்னார்.