மண்ணடியில் காத்திருந்த மகேசன்: பெங்களூருவில் ஒரு சிவதரிசனம்

பெங்களூரு மல்லேசுவரத்தில், காடு மல்லேசுவரர் கோயிலுக்கு எதிரே, தெருமட்டத்திலிருந்து படிகளில் கீழே இறங்கிச் சென்று தரிசிக்க வேண்டிய ஒரு சிவாலயம் இருக்கிறது. நந்தி தீர்த்தம் என்றும் தட்சிணமுக நந்தி தீர்த்தம் என்றும் அதனை அழைக்கிறார்கள். 1997-ஆம் ஆண்டு வரை அந்த இடம் வெறும் மனையாகவே கிடந்தது. மனையை விற்கும் பேச்சு எழுந்தபோது, முதலில் தோண்டிப் பார்க்க வேண்டும் என்று அக்கம்பக்கத்தார் வற்புறுத்தினார்கள் என்றும், தோண்டத் தோண்டக் கல் மண்டபமும் குளமும் நந்தியும் சிவலிங்கமும் ஒவ்வொன்றாக வெளிப்பட்டன என்றும் அங்கே சொல்கிறார்கள். எத்தனை தலைமுறைகள் அதன்மேல் நடந்து போயினவோ, ஈசனுக்கே வெளிச்சம்.

அல்சூரில் குடியிருக்கும் நான், கும்பகோணத்திலிருந்து வந்திருந்த அத்தையையும் பள்ளியில் படிக்கும் அண்ணன் மகளையும் அழைத்துக்கொண்டு, கார்த்திகைத் திங்கட்கிழமையில் அங்கே சென்றேன். படியிறங்கியதும் வாகன இரைச்சல் தலைக்கு மேலே தங்கிவிடுகிறது. நடுவில் குளம், அதைச் சுற்றிக் கல் தூண்கள் தாங்கும் மண்டபம், நீரில் ஆமைகளும் மீன்களும். இக்கோயிலின் அமைப்பு நம் ஊர்க் கோயில்களில் பழகிய கண்ணுக்குச் சற்றே திகைப்பூட்டும். சுவாமிக்கு எதிரே அடக்கமாக அமர்ந்திருக்க வேண்டிய நந்தி இங்கே தென்முகமாக மேல்தளத்தில் இருக்கிறார். அவருடைய வாயிலிருந்து விழும் நீர் கீழே உள்ள லிங்கத்திருமேனியை நனைத்து, அங்கிருந்து குளத்தில் சேர்கிறது. அர்ச்சகர் இருந்தாலும் இல்லாவிட்டாலும் இங்கே அபிஷேகம் நடந்துகொண்டே இருக்கும். அந்த நீர் எங்கிருந்து வருகிறது என்று கேட்டால் ஆளுக்கொரு விடை சொல்கிறார்கள். அருகிலுள்ள சாங்கி ஏரியிலிருந்து வருவதாகச் சொல்வோரும் உண்டு. ஆனால் அந்த ஏரி அமைக்கப்பட்டதே 1882-இல்தான் என்பதால், கோயில் அதைவிடப் பழையது என்று நம்புகிறவர்கள் இவ்விடையை ஏற்பதில்லை. நானும் அவர்கள் கட்சிதான்.

குளக்கரையில் அமர்ந்திருந்தபோது சிறுமி என்னிடம் சொன்னாள்: “அத்தை, நான் படிக்கிற மாயக்கதையில இப்படித்தான் பூமிக்கு அடியில ஒரு இடம் இருக்கும். அழிஞ்சுபோன ஊர்களோட நினைவையெல்லாம் அங்க பூட்டி வெச்சிருப்பாங்க.”

அதற்கு என் அத்தை, “பூட்டெல்லாம் மனுசனுக்குத்தான் கண்ணு. இவர யாரு பூட்ட முடியும்? ஆளில்லாத காலத்துல அந்த மாடே அபிஷேகம் பண்ணிக்கிட்டு இருந்திருக்கும்” என்றார்.

ஆயினும் பூட்டி வைத்துக் காத்த கதை நம்மிடமும் உண்டு என்பது எனக்கு உடனே நினைவில் எழுந்தது. அப்பர், சம்பந்தர், சுந்தரர் ஆகிய மூவர் அருளிய தேவார ஏடுகள் சிதம்பரமாகிய தில்லையில் ஓர் அறையில் அடைபட்டுக் கிடந்ததையும், பாடியவர்கள் வந்தால்தான் திறப்போம் என்று தில்லைவாழ் அந்தணர் கூறியதையும், மூவரின் திருமேனிகளையே எழுந்தருளச் செய்து அரசன் கதவைத் திறப்பித்ததையும், உள்ளே ஏடுகளைப் புற்று மூடியிருக்க எண்ணெய் சொரிந்து மண்ணை நீக்கி நம்பியாண்டார் நம்பி எஞ்சியவற்றைத் தொகுத்ததையும் திருமுறை வரலாறு விரிவாகச் சொல்கிறது. இந்தக் காலத்திற்கு வேண்டியதை மட்டுமே வைத்தோம் என்று அசரீரி எழுந்ததாம். அந்த ஆறுதல் எனக்கு ஒருபோதும் முழுமையாக ஒட்டியதில்லை. செல்லரித்துப் போன பதிகங்களை நினைத்தால் இன்றும் மனம் பதைக்கிறது. மல்லேசுவரத்துக் கல்லை அரிக்கச் செல்லுக்கு வழியில்லை. அத்தை அப்பர் தேவாரம் ஒன்றைப் பாட, மண்டபத்துக் கற்கள் அதை வாங்கித் திருப்பித் தந்தன. கன்னடம் பேசும் அம்மையார் இருவர் பாட்டு முடியும்வரை கைகூப்பியபடி நின்றார்கள்.

எதிரே காடு மல்லேசுவரரையும் வணங்கினோம். அக்கோயிலுக்கு ஒரு சிற்றூரைக் கொடையளித்த செய்தியைக் கூறும் 1669-ஆம் ஆண்டுக் கல்வெட்டு வெங்கோஜியினுடையது. சிவாஜியின் தம்பி முறையான அவரே பின்னர்த் தஞ்சையில் மராட்டிய ஆட்சியை நிறுவிய ஏகோஜி என்பதைக் கேட்டதும், தஞ்சை மண்ணில் பிறந்த அத்தைக்குச் சொந்தக்காரர் வீட்டுக்கு வந்துவிட்ட பெருமிதம்.

பிற்பகலில் தொம்மலூர் சொக்கநாதசுவாமி கோயிலுக்குச் சென்றோம். மதுரைச் சொக்கநாதராகிய சிவனை நினைத்துக்கொண்டு உள்ளே போகிறவர்களுக்கு அங்கே காட்சி தருபவர் ஸ்ரீதேவி பூதேவியோடு நிற்கும் பெருமாள். பதின்மூன்றாம் நூற்றாண்டைச் சேர்ந்த தமிழ்க் கல்வெட்டுகள் இக்கோயிலில் உள்ளன. ஊர் அவற்றில் தோம்பலூர் என்றும் தேசிமாணிக்கப் பட்டணம் என்றும் குறிக்கப்படுகிறது, இறைவன் சொக்கப்பெருமாள். ஒய்சள மன்னன் வீர ராமநாதன் இவ்வூர் வருவாயிலிருந்து பத்துப் பொன் கோயிலுக்கு அளித்ததை 1290-ஆம் ஆண்டுக் கல்வெட்டு சொல்கிறது. கணினி நிறுவனங்களுக்கு விரைகிற வண்டிகளின் நடுவே, அரசன் தந்த பத்துப் பொன்னுக்கு இன்னும் கணக்கு வைத்துக்கொண்டு நிற்கிறார் பெருமாள். பழைய எழுத்து வடிவம் ஆதலால் அத்தையால் சில எழுத்துகளை மட்டுமே இனங்காண முடிந்தது. அதற்கே அவர் நெடுநேரம் அந்தக் கல்லைவிட்டு நகரவில்லை. முழு வாசகத்தை அறிய விரும்புவோர், பி. எல். ரைஸ் 1905-இல் பதிப்பித்த பெங்களூரு மாவட்டக் கல்வெட்டுத் தொகுதியைப் பார்க்கலாம்.

கடைசியாக மடிவாளா சோமேசுவரர். இங்கே கோயிலின் வெளிச்சுவரே சாசனம். தமிழ் எழுத்தும், வடமொழி எழுதப் பயன்பட்ட கிரந்த எழுத்தும் பிராகாரத்தை ஒட்டி ஓடுகின்றன. வேப்பூரைச் சேர்ந்த ஒருவர் வெங்களூரின் பெரிய ஏரிக்குக் கீழுள்ள நிலத்தைக் கொடையாகத் தந்ததை 1247-ஆம் ஆண்டுக் கல்வெட்டு கூறுகிறது. வேப்பூர் என்பது இன்றைய பேகூர். வலம் வருகிறபோதே அடியார் ஒருவரின் தானத்தையும் சேர்த்து வலம் வந்தாகிவிடுகிறது.

இந்த வழியே செல்ல நினைப்பவர்கள் மல்லேசுவரத்தைக் காலையிலேயே முடித்துக்கொள்வது நலம்; நடுப்பகலில் நடை சாத்திவிடுவார்கள். மடிவாளாவை இருட்டுவதற்கு முன் அடைந்துவிட வேண்டும். சுவரில் சாய்வாக வெளிச்சம் விழும்போது கல்லெழுத்துகள் புடைத்துத் தெரியும்.