பேரல் ஜீன்ஸ்: இடுப்பும் கணுக்காலும் தெரியட்டும்

பேரல் ஜீன்ஸை ஆசையாக வாங்கிப் போட்டுப் பார்த்துவிட்டு, 'சைஸ் பெரிசா எடுத்துட்ட மாதிரி இருக்கே' என்று பீரோவுக்குள் தள்ளிவிடுபவர்கள் நிறையப் பேர். பெரும்பாலும் குறை ஜீன்ஸில் இருக்காது. மேலே போட்ட டாப்பிலோ கீழே போட்ட ஷூவிலோ இருக்கும். இந்த வெட்டு இடுப்பில் ஒட்டி நிற்கும், தொடையிலிருந்து வெளிப்பக்கமாக வளையும், முட்டியருகே மிக அகலமாகி, கணுக்காலில் மறுபடி குறுகும். அகலமான இடம் தானாகவே கண்ணில் படும். குறுகலான இரண்டு இடங்களையும் நாம்தான் காட்ட வேண்டும். அவற்றில் ஒன்று மறைந்தாலும் அந்த அழகான வளைவு வெறும் தொளதொளப்பாகத் தெரியும்.

முதலில், கையில் இருப்பது பேரல்தானா என்று பாருங்கள். மேஜையில் விரித்துப் போட்டால் வெளிப்பக்கத் தையல் வில் மாதிரி வளைந்திருக்க வேண்டும். மாம் ஜீன்ஸில் தையல் நேராகவே கீழே குறுகிக்கொண்டு போகும், வைட் லெக்கில் கீழ் ஓரம் வரை அகலம் குறையாது. பேரலிலும் இரண்டு விதம் உண்டு. ஒன்றில் வெளித்தையல் மட்டும் வளையும், உள்தையல் கிட்டத்தட்ட நேராக இருக்கும். இன்னொன்றில் உள்தையலும் சேர்ந்து வளையும். அதைப் போட்டால் கால்களே வளைந்த மாதிரி தெரியும். பேரலை இப்போதுதான் போட்டுப் பழகுகிறீர்கள் என்றால் முதல் வகையை எடுங்கள். மற்ற உடைகளோடு அது எளிதாகச் சேரும்.

துணி கனமாக இருக்க வேண்டும், இதில் சமரசம் வேண்டாம். 12 முதல் 14 அவுன்ஸ் (ஒரு சதுர கெஜத் துணியின் எடை) டெனிம் வளைவைத் தானே தாங்கி நிற்கும். 10 அவுன்ஸுக்குக் கீழே போனால் துணி முட்டியில் தொங்கிவிடும். இழுபடும் ஸ்ட்ரெச் நூல் 1 சதவீதம் வரை கலந்திருந்தால் உட்கார எழ வசதி. அதிகமானால் ஒரு நாள் போட்டதுமே முட்டி பொம்மிக்கொள்ளும். வளைவு எது, பொம்மல் எது என்று பிரித்துச் சொல்ல முடியாது.

தொளதொளவென்று வேண்டும் என்பதற்காக ஒரு சைஸ் கூட்டி வாங்குவது இதில் நடக்கும் பெரிய தவறு. அகலம் வெட்டிலேயே இருக்கிறது. சைஸ் கூடினால் இடுப்பும் பின்பக்கமும் சேர்ந்து தளரும், பேன்ட் இடுப்பிலிருந்து ஓர் அங்குலம் இறங்கி நிற்கும், அகலமான இடமும் அதோடு சேர்ந்து முட்டிக்குக் கீழே போய்விடும். பின்பக்கம் இடுப்புப் பட்டிக்குள் இரண்டு விரல் நுழைந்தால் போதும். தொடை பருமனானவர்கள் முட்டிச் சுற்றளவு பெரிதாக உள்ள மாடலைத் தேட வேண்டும். தொடையே துணியை நிரப்பிவிட்டால் வளைவு தெரியாது, சாதாரண நேர் வெட்டு மாதிரிதான் இருக்கும்.

இனி நீளம். ஓரம் கணுக்கால் எலும்பின் மேலேயோ அதற்கு அரை அங்குலம் உயரத்திலோ நிற்பது சரியான அளவு. ஷூவின் மேல் விழுந்து மடிந்தால் கீழே குறுகியிருப்பதே தெரியாது. அதிக நீளமாக இருந்தால் டெய்லரிடம் கொடுத்து வெட்டத் தோன்றும். இங்கேதான் கணக்குப் பார்க்க வேண்டும். ஒரு காலின் சுற்றளவு முட்டியில் 24 அங்குலம், ஓரத்தில் 17 அங்குலம், இடைத்தூரம் 14 அங்குலம் என்று வைத்துக்கொள்வோம். ஓர் அங்குலம் மேலே போனால் சுற்றளவு அரை அங்குலம் கூடுகிறது. ஆக, 2 அங்குலம் வெட்டினால் ஓரம் 18 அங்குலமாக விரிந்துவிடும். அதனால் வெட்டச் சொல்லும்போதே, கெண்டைக்கால் நடுவிலிருந்து உள்தையலைப் பிடித்து ஓரத்தைப் பழைய அளவுக்குக் கொண்டுவரச் சொல்லுங்கள். வெளித்தையலைத் தொட விடாதீர்கள், வளைவே அதில்தான் இருக்கிறது. இன்னொன்று: கீழே எவ்வளவு வெட்டினாலும் அகலமான இடம் மேலே ஏறாது. குட்டையானவர்களுக்கு அது முட்டிக்குக் கீழே விழுகிறது என்றால் வெட்டித் தீராது, குட்டையானவர்களுக்கென்றே தைக்கும் பெட்டீட் அளவில்தான் வாங்க வேண்டும்.

மடித்துவிடலாமே என்றால், ஓர் அங்குலம் வரை மடிக்கலாம். மேலே போகப் போகக் கால் அகலமாவதால், மடித்த ஓரம் தன்னைவிடப் பெரிய சுற்றளவைச் சுற்றி நிற்க வேண்டியிருக்கிறது. ஓர் அங்குலம் மடித்தால் ஓரம் பழைய இடத்திலிருந்து 2 அங்குலம் மேலே போய் நிற்கும். மேலே சொன்ன கணக்குப்படி அந்த 17 அங்குல ஓரம் 18 அங்குல இடத்தைப் பிடிக்கும், அதைச் சமாளித்துவிடலாம். 2 அங்குலம் மடித்தால் 4 அங்குலம் மேலே ஏறி, 19 அங்குல இடத்தைப் பிடிக்க வேண்டும். துணி இறுகி, உள்ளே சுருக்கம் விழுந்து, நடக்க நடக்க அவிழும்.

மேலே போடுவதில் ஒரே விதி, பட்டி தெரிய வேண்டும். உடம்போடு ஒட்டிய டிஷர்ட்டை முழுவதும் உள்ளே விட்டு ஒரு பெல்ட் போட்டால் வேலை முடிந்தது. பட்டி வரை மட்டும் வரும் குட்டை டாப்பும் அருமையாகப் பொருந்தும். தொளதொள ஷர்ட்தான் பிடிக்கும் என்றால் முன்பக்கம் மட்டும் உள்ளே விடுங்கள். ஆனால் பின்பக்கம் பாக்கெட்டுகளின் கீழ்விளிம்பைத் தாண்டித் தொங்கக் கூடாது. தடித்த ஸ்வெட்டரை உள்ளே திணித்தால் வயிற்றைச் சுற்றி மேடு கட்டும். அதன் அடிப்பட்டையை உள்பக்கமாக மடித்து, பட்டியருகே முடிகிற மாதிரி விட்டாலே போதும்.

ஜாக்கெட் என்றால் இடுப்போடு முடிவது, அல்லது முட்டிக்குக் கீழே இறங்கும் நீளக் கோட். நடுத்தொடையில் முடிகிற எதுவும் இதற்கு ஆகாது. வளைவு தொடங்கும் இடத்தை அது மூடிவிடுகிறது, கீழே வெறும் புடைப்பு மட்டும் எட்டிப் பார்க்கிறது. பிளேசர் போட்டே ஆக வேண்டும் என்றால் பட்டன் போடாமல் திறந்து விட்டு, உள்ளே டாப்பை டக் செய்யுங்கள். நடுவில் இடுப்பு தெரிந்தால் உருவம் காப்பாற்றப்படும்.

ஷூவில் பாதத்தின் மேற்பகுதி எவ்வளவு தெரிகிறதோ அவ்வளவு நல்லது. பேலே ஃபிளாட், கூர்முனை ஹீல்ஸ், மெல்லிய அடிப்பாகமுள்ள ஸ்னீக்கர், லோஃபர் எல்லாம் சரி. கணுக்காலை மூடும் ஆங்கிள் பூட்டில் குழல் பகுதி ஒடுக்கமாக இருந்து ஓரத்துக்குள் நுழைய வேண்டும். பூட்டுக்கும் ஓரத்துக்கும் நடுவே ஒரு விரல் அகலத்துக்குத் தோல் தெரிந்தால் கால் அங்கே துண்டுபட்டுப் போகும், அதே நிற சாக்ஸ் போட்டு மறையுங்கள். தடித்த ஸ்னீக்கர்தான் அதிகம் சிக்கல் தரும். லேஸுக்கு அடியில் இருக்கும் அதன் நாக்கின் மேல் ஜீன்ஸின் ஓரம் போய் உட்கார்ந்து கசங்கும். அதையே போட விரும்பினால், நாக்குக்கு ஓர் அங்குலம் மேலே முடிகிற ஜீன்ஸாகப் பாருங்கள்.

நிறம் பற்றி அதிகம் யோசிக்க வேண்டாம். அடர் நீலமும் கறுப்பும் வளைவை அடக்கிக் காட்டும், வெளிர் நிறம் எடுத்துக் காட்டும். அலுவலகத்துக்கு முதல் இரண்டும் போதும்.

துவைக்கும்போது உள்வெளியாகத் திருப்பிக் குளிர்ந்த நீரில் போடுங்கள். டிரையர் சூட்டில் பருத்தி நீளவாக்கில் சுருங்கும். கணுக்காலில் சரியாக நின்ற ஓரம் கெண்டைக்காலுக்கு ஏறிவிட்டால் பிறகு இறக்க வழியில்லை. பட்டியைப் பிடித்துத் தலைகீழாக இல்லாமல் தொங்கவிட்டுக் காயவையுங்கள். இஸ்திரி போடும்போது காலின் நடுவே கோடு விழாமல் பார்த்துக்கொள்ளுங்கள். அந்தக் கோடு நேராக இறங்கி வளைவைத் தட்டையாக்கிவிடும். தையல்கள் இரண்டும் பக்கவாட்டில் இருக்கும்படி பரப்பி, முட்டிப் பகுதிக்கு மட்டும் நீராவி காட்டி, கையால் வெளிப்பக்கம் இழுத்து விட்டால் பொம்மிய துணி பழையபடி படிந்துவிடும்.