எந்தக் கையில் வளையல்?

ஸ்ரீவைகுண்டத்துக்காரியான எனக்கு முதுமக்கள் தாழி புதிதல்ல. தாழிகள் புதைந்த ஆதிச்சநல்லூர்ப் பரம்பு பக்கத்தில்தான் இருக்கிறது. ஆனாலும் இறந்தவரோடு புதைத்த ஈமப்பொருளைப் பார்க்கத் தெரிந்துகொண்டது தில்லியில், தொல்லியல் முதுகலை இரண்டாம் ஆண்டில்தான்.

ஒரே ஒரு கல்லறையின் பொருள்களை விவரித்து எழுத வேண்டும் என்பது பயிற்சி. ஜன்பத் தேசிய அருங்காட்சியகத்தின் ஹரப்பா கூடத்தில் இருக்கும், ஹரியானாவின் ஹரப்பா கால ஊரான ராகிகடியில் கிடைத்த பெண்ணின் எலும்புக்கூட்டைத் தேர்ந்தேன். கூட்டமெல்லாம் 10.5 செ.மீ. உயர நடன மங்கை வெண்கலச் சிலையைச் சுற்றியே நிற்கும். இவளருகில் நிம்மதியாக உட்கார்ந்து வரையலாம்.

முதல் வாரம் கண்ணாடியில் என் முகம்தான் தெரிந்தது. பக்கவாட்டில் நகர்ந்து நின்ற பிறகே பானைகளின் விளிம்பு புலப்பட்டது. கண்ணாடிக்கு வெளியிலிருந்து அளவெடுக்க முடியாது. எனவே வேறொரு சேகரிப்பில் இருந்த பானை ஓடுகளைக் கையில் எடுத்துப் பார்க்க அனுமதி கேட்டோம். பொருள்களின் பதிவு எண்களைக் குறிப்பிடாததால் கடிதம் திரும்பி வந்தது. எண்களுடன் எழுதியபோது அனுமதி கிடைத்தது. கேட்கப் போகிறவர்கள் முதலில் எண்களைச் சேகரியுங்கள்.

மேசைமேல் மெத்தென்ற துணி விரித்து, விளிம்பு ஓட்டை வட்டங்கள் வரைந்த தாளில் பொருத்தினால் முழுப் பானையின் வாய் அகலம் கிடைத்துவிடும். படத்தில் இடப்பாதி வெட்டுத்தோற்றம், வலப்பாதி வெளித்தோற்றம். ஆறேழு ஓடுகள் வரைந்ததும் கை பழகிவிட்டது.

கட்டுரைதான் பழகவில்லை. "அழகிய சங்கு வளையல்கள்" என்று எழுதியிருந்தேன். ஆசிரியை அதை அடித்துவிட்டு, ஓரத்தில் "எந்தக் கையில்?" என்று கேட்டிருந்தார். வெட்கமாக இருந்தது. அத்தனை நாள் பார்த்தும் அதைக் குறித்துக்கொள்ளவில்லை.

மறுநாள் திங்கள், அருங்காட்சியகத்துக்கு விடுமுறை. அன்று முழுவதும் சங்கு வளையல் பற்றிப் படித்தேன். சங்கின் உள்தண்டை நீக்கி, வெண்கல ரம்பத்தால் வளையம் வளையமாக அறுத்திருக்கிறார்கள். சங்கு சுருள் வடிவமானது என்பதால் அறுத்த வளையத்தில் ஓரிடத்தில் இணைப்பின் தடம் விழும். ஹரப்பாக் கைவினைஞர்கள் பல வளையல்களில் சரியாக அந்த இடத்தில் அம்புமுனை போன்ற கோடுகளைச் செதுக்கியிருக்கிறார்கள். குறையிருந்த இடமே அலங்காரமாகிவிட்டது! குஜராத்தின் நாகேஷ்வரில் இந்தச் சங்கை அறுத்த பட்டறைகளின் எச்சங்கள் கிடைத்துள்ளன. அதே இனச் சங்குதான் எங்கள் மன்னார் வளைகுடாவிலும் விளைகிறது. கொற்கையில் சங்கு அறுத்த மிச்சங்கள் அகழாய்வில் வந்திருப்பதைச் சிறுவயதிலேயே கேட்டிருக்கிறேன். தொலைபேசியில் ஆச்சியிடம் சொன்னபோது, "இடக்கைதானே? வலக்கைக்குத்தான் வேலை அதிகம், உடைஞ்சிரும்" என்றாள். அது சான்றாகாது என்பதால் கட்டுரையில் சேர்க்கவில்லை. ஆனால் செவ்வாய்க்கிழமை கூடம் திறந்ததும் நேரே அந்த மணிக்கட்டைத்தான் பார்த்தேன்.

ஒரு பொருள் உடலோடு எப்படிக் கிடந்தது என்பது போய்விட்டால், மிஞ்சுவது வெறும் நகைதான். 1876இல் ஆதிச்சநல்லூரில் தோண்டிய ஜெர்மானியர் யாகோர், கிடைத்தவற்றை பெர்லினுக்குக் கொண்டுபோனார். அவற்றைப் பற்றிப் படிக்கும்போதெல்லாம் எந்தத் தாழி, எதனருகில் எது என்றுதான் இப்போது தேடுகிறேன்.

திருத்திய கட்டுரையை இப்படித் தொடங்கினேன்: "பெண். மல்லாந்து நீட்டிக் கிடத்தப்பட்டவள். அருகில் பானைகள். இடது மணிக்கட்டில் சங்கு வளையல்கள்."